இருபது சென்டிமீட்டருக்கு மேல் போடாதீர்கள்

பஸ்ஸில் கண்ணை மூடிக்கொண்டு போனாலும் பாலம் வருவது தெரிந்துவிடும். ஏறும் இடத்தில் ஒரு தூக்கல், இறங்கும் இடத்தில் இன்னொன்று. கடைசி இருக்கைக்காரர்களுக்கு அது முதுகெலும்பு வரை போகும். பாலத்தை உயரமாகக் கட்டிவிட்டார்கள் என்றுதான் பலரும் திட்டுகிறார்கள். திறப்பு விழா அன்று பாலமும் சாலையும் ஒரே மட்டத்தில்தான் இருந்தன. பாலம் ஆழத்தில் கெட்டியான தரையைத் தேடிப் போய் ஊன்றிய அடித்தளத்தின் மேல் நிற்பதால் அது அநேகமாக இறங்குவதில்லை. அதை ஒட்டி வரும் சாலையோ டிப்பரில் கொண்டுவந்து கொட்டிய மண்ணின் மேல் கிடக்கிறது. அந்த மண் இறங்கிவிட்டது. நம்மைத் தூக்கிப்போடுவது அந்த இறக்கம்தான்.

சாலைப் பணிகளில் தரக்கட்டுப்பாட்டுப் பிரிவில் வேலை செய்கிறேன். கொட்டிய மண் நன்றாக இறுகியிருக்கிறதா என்று பார்த்துச் சொல்வதுதான் என் அன்றாடம். சாலை என்றால் எல்லோருக்கும் தார் நினைவுக்கு வருகிறது. தார் மேலே சில அங்குலங்களில் முடிந்துவிடும். அதன்கீழ் ஜல்லி. அதற்கும் கீழே ஆள் உயரத்துக்கு, மேம்பாலச் சரிவுகளில் மாடி உயரத்துக்கு, வெறும் மண். அந்த மண்ணைப் பற்றி யாரும் எழுதுவதில்லை என்பது எனக்கு நெடுநாள் குறை. போன மாதம் சித்தப்பா வீடு கட்ட ஆரம்பித்ததும், பேஸ்மட்டத்துக்கு மண் அடிப்பது பற்றிக் கேட்க ஆரம்பித்தார். அவருக்குச் சொன்னதை எல்லோருக்குமாகச் சேர்த்து எழுதிவிடலாம் என்று தோன்றியது.

ஒரு கைப்பிடி மண்ணில் மூன்று பொருள்கள் இருக்கின்றன: மண்துகள்கள், தண்ணீர், காற்று. மண்ணை இறுக்குகிறோம் என்றால் இடையில் இருக்கும் காற்றை வெளியே தள்ளுகிறோம் என்று பொருள். ரோலர் ஓடும் அந்தச் சில நிமிடங்களில் தண்ணீர் வெளியே போகாது. களிமண்ணிலிருந்து தண்ணீர் கசிந்து தரை தாழ்வதற்கு ஆண்டுக்கணக்கில் ஆகும், அது வேறு கணக்கு. இங்கே பகை காற்று மட்டும்தான். தண்ணீர் நமக்குத் துணை. ஆனால் அளவோடு இருந்தால்தான் துணை.

காய்ந்த மண்ணை எவ்வளவு அடித்தாலும் துகள்கள் ஒன்றையொன்று உரசிக்கொண்டு நகர மறுக்கும். கொஞ்சம் ஈரம் சேர்ந்தால் அவை வழுக்கி, இடுக்குகளில் போய் உட்காரும். இன்னும் கொஞ்சம் சேர்த்தால் இன்னும் நெருங்கும். ஓர் அளவுக்குப் பிறகு நிலைமை தலைகீழாகிவிடும். இடுக்குகளைத் தண்ணீரே அடைத்துக்கொள்ளும். தண்ணீரை அழுத்திச் சுருக்க முடியாது. ரோலரின் பாரத்தை அதுவே தாங்கிக்கொண்டு, மண்துகள்களை நெருங்கவிடாமல் வைத்திருக்கும். அப்படிப்பட்ட மண்ணில் ரோலர் போனால் சக்கரத்துக்கு முன்னால் தரை மெத்தென்று எழும்பி, பின்னால் அமுங்கும். அந்த ஆட்டத்தைப் பார்த்தவுடன் ரோலரை நிறுத்திவிட வேண்டும். அதற்கு மேல் ஓட்டுவது டீசலுக்குக் கேடு, மண்ணுக்கும் கேடு.

ஒவ்வொரு மண்ணுக்கும் இந்த 'அளவான ஈரம்' வேறு வேறு. அதைக் கண்டுபிடிக்கும் வழியை 1933இல் வெளியிட்டவர் ரால்ஃப் புராக்டர், லாஸ் ஏஞ்சலஸ் நகரக் குடிநீர்த் துறையின் பொறியாளர். மண் அணை கட்டுபவர்களுக்கு இது உயிர்ப் பிரச்சினை. அந்த நகரத்துக்காகக் கட்டிய புனித பிரான்சிஸ் கான்கிரீட் அணை 1928 மார்ச்சில் உடைந்து நானூறுக்கும் மேற்பட்டவர்களைக் கொன்றிருந்தது. அணை என்றாலே கேள்வி கேட்கும் காலம் அது. மண்ணை உருட்டி, பார்வைக்குக் கெட்டியாகிவிட்டது என்று சொல்வதோடு நிற்காமல், எவ்வளவு கெட்டி என்று எண்ணால் சொல்லும் வழியை அவர் கொடுத்தார். எங்கள் பரிசோதனைக் கூடத்தில் இன்றும் அந்தச் சோதனைக்குப் புராக்டர் என்றுதான் பெயர். "புராக்டர் போட்டாச்சா?" என்று ஒரு நாளில் பலமுறை கேட்போம்.

செய்முறை எளிது, ஆனால் தோள் வலிக்கும். ஆயிரம் கன சென்டிமீட்டர் கொள்ளும் இரும்பு அச்சு ஒன்று. அதில் மண்ணை மூன்று அடுக்காகப் போட்டு, 2.6 கிலோ சம்மட்டியை 31 சென்டிமீட்டர் உயரத்திலிருந்து விழவிட்டு, அடுக்குக்கு 25 அடி. இது இலேசான முறை. நெடுஞ்சாலைக்குக் கனமான முறை: 4.9 கிலோ, 45 சென்டிமீட்டர் உயரம், ஐந்து அடுக்கு, அடுக்குக்கு அதே 25 அடி. கணக்குப் போட்டால் மண்ணுக்குள் போகும் ஆற்றல் ஏறத்தாழ நாலரை மடங்கு. ஈரத்தைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கூட்டி, ஒவ்வொரு முறையும் எடைபோட்டு, உலர்ந்த மண்ணின் அடர்த்தியைக் கணக்கிட்டு வரைதாளில் புள்ளி வைத்தால் ஒரு மேடு கிடைக்கும். வரைதாளில் மேட்டின் உச்சிக்கு நேராக வரும் ஈரம்தான் அந்த மண் கேட்கும் ஈரம். அந்த உச்சி அடர்த்தியில் நூற்றுக்கு 95 பங்காவது சாலைக் கரையில், அதாவது சாலைக்காகக் கொட்டி உயர்த்திய மண்ணில், வர வேண்டும், தாருக்கும் ஜல்லிக்கும் நேர்கீழே உள்ள அரை மீட்டரில் 97 வர வேண்டும் என்பது மத்திய சாலைப் போக்குவரத்து அமைச்சகத்தின் விவரக்குறிப்பு.

எங்கள் பக்கத்துச் சரள் மண் ஒன்றுக்கு 9 சதவீத ஈரத்தில் கன சென்டிமீட்டருக்கு 2.05 கிராம் வந்தது. அதே வாரம் எட்டயபுரம் பக்கம் எடுத்த கரிசலுக்கு 21 சதவீத ஈரம், 1.62 கிராம். ஒரே மாவட்டம், அரை மணி நேரப் பயணம், அதற்குள் இத்தனை வேறுபாடு. ஒரு மண்ணுக்குப் போட்ட எண்ணை இன்னொரு மண்ணுக்கு வைத்துக்கொண்டு வேலை செய்தால் என்ன ஆகும் என்று நீங்களே யோசித்துக்கொள்ளலாம். மண் எடுக்கும் குழியில் மண்ணின் நிறம் மாறினால் உடனே எனக்குப் போன் செய்யுங்கள் என்று டிப்பர் ஓட்டுநர்களிடம் சொல்லிவைத்திருக்கிறேன். அவர்கள் செய்கிறார்கள். அலுவலகத்தில் இருப்பவர்களை விட இதில் அவர்கள் கூர்மையானவர்கள்.

ஈரத்தைப் பற்றி இன்னும் சொல்ல வேண்டும், ஏனென்றால் எங்கள் சண்டைகளில் பெரும்பாதி இதைப் பற்றியதுதான். சித்திரை, வைகாசியில் குழியிலிருந்து வரும் சரளில் 3 சதவீத ஈரம் இருந்தால் பெரிது. 9 வேண்டும். இறுகிய ஒரு கன மீட்டரில் 2,000 கிலோ மண் என்று வைத்துக்கொண்டால், அதற்கு 120 லிட்டர் தண்ணீர் சேர்க்க வேண்டும். 12,000 லிட்டர் லாரி நூறு கன மீட்டரோடு காலி. அதிலும் நண்பகல் காற்று ஒரு பங்கை எடுத்துக்கொண்டு போய்விடும். தண்ணீர் லாரி வாடகை கூடுகிறது என்றவுடன் மேலே மட்டும் நனைத்துவிட்டு ரோலரை ஏற்றத் துடிப்பார்கள். மேல்தோல் ஈரமாக மின்னும், நாலு விரல் கீழே பொடி பறக்கும். சரியான வழி, முந்தின நாள் மாலையே மண் எடுக்கும் குழியில் தண்ணீர் பாய்ச்சி ஊறவிடுவது. இரவு முழுவதும் ஈரம் தானாகப் பரவும். காலையில் அள்ளும்போதே மண் பதமாக வரும். களத்தில் கொஞ்சம் தெளித்து, கிரேடர் (மண்ணை வழித்துச் சமப்படுத்தும் இயந்திரம்) கத்தியால் புரட்டிவிட்டால் போதும்.

பதம் பார்க்கக் கருவிக்கு முன்னால் கை இருக்கிறது. புட்டுக்கு மாவு பிசிறியவர்களுக்கு நான் விளக்கவே வேண்டியதில்லை: கையில் பிடித்தால் பிடியாக நிற்க வேண்டும், விரலால் தட்டினால் இரண்டு மூன்றாக உடைய வேண்டும். பிடியே நிற்காவிட்டால் தண்ணீர் போதாது. உடையாமல் நசுங்கி, உள்ளங்கையில் சேறு அப்பினால் காயவிட வேண்டும். கை சொன்ன பிறகு கருவி. ஓர் உலோகக் குடுவையில் ஆறு கிராம் மண்ணும் ஒரு கரண்டி கார்பைடு தூளும் போட்டு மூடிக் குலுக்கினால், மண்ணின் ஈரம் கார்பைடோடு சேர்ந்து வாயுவாகி அழுத்தம் ஏறும். முள் காட்டும் எண்தான் ஈரம். திறக்கும்போது அடிக்கும் பூண்டு வாடை அன்று முழுவதும் விரலில் இருக்கும். புதிதாக வேலைக்கு வரும் பிள்ளைகளுக்கு ஒன்று சொல்வேன்: அந்த முள் ஈர மண்ணின் எடையில் எத்தனை பங்கு தண்ணீர் என்று காட்டுகிறது. நமக்கு வேண்டியது உலர்ந்த மண்ணின் எடைக்கு எத்தனை பங்கு என்பது. முள் 10 என்றால் நம் கணக்கில் 11.1. இந்தச் சின்ன மாற்றத்தை விட்டுவிட்டு எழுதிய பதிவேடுகளைப் பார்த்திருக்கிறேன், மனம் பொறுக்காது.

இனித் தலைப்புக்கு வருகிறேன்.

ரோலர் பத்துப் பதினோரு டன் எடை. உருளைக்குள் ஒரு சுழலும் பாரம் நொடிக்கு ஏறக்குறைய முப்பது முறை அதிர வைக்கிறது. பக்கத்தில் நின்றால் நெஞ்சுக்கூடு அதிரும். இவ்வளவு பெரிய இயந்திரம் அரை மீட்டர் மண்ணை ஒரே வீச்சில் இறுக்கிவிடும் என்று யாருக்கும் தோன்றும். இறுக்காது. உருளை தரையைத் தொடும் இடம் ஒரு மெல்லிய பட்டை. அங்கிருந்து அழுத்தம் கீழே போகப்போகப் பக்கவாட்டில் பரவி நீர்த்துப்போகும். மேல் பத்து, பதினைந்து சென்டிமீட்டர் கல்லாக இருக்கும்போது கீழ்ப்பகுதி கொட்டியபடியே கிடக்கும். அதனால்தான் ஓர் அடுக்கு இறுகிய பின் 20 சென்டிமீட்டருக்கு மேல் இருக்கக்கூடாது என்று விதி வைத்திருக்கிறார்கள். பரப்பும்போது 25 சென்டிமீட்டர் வரும். ஓர் அடுக்கு முடித்து, சோதித்து, அதற்குப் பிறகுதான் அடுத்தது.

ஒருமுறை ஒரு கரையில் எனக்கு 1.93 கிராம் வந்தது. அந்தச் சரளின் உச்சியான 2.05க்கு அது 94.1 சதவீதம். "ஒரு சதவீதம்கூட இல்லை, கையெழுத்துப் போடுங்கள் மேடம், மழை வருகிறது" என்றார் அங்கே பொறுப்பில் இருந்தவர். ஒரு சதவீதம் எனக்கும் பெரிதில்லை. சோதனைக்குத் தோண்டிய குழியின் சுவரைப் பார்த்ததுதான் என்னை உறுத்தியது. மேலே சுவர் வழவழப்பாக நின்றது, அடியில் கட்டி கட்டியாக உதிர்ந்தது. அளவுகோலை வைத்துப் பார்த்தால் அடுக்கு முப்பதைத் தாண்டியிருந்தது. அவசரத்தில் இரண்டு அடுக்கை ஒன்றாகப் பரப்பிவிட்டார்கள். மேலும் நாலு முறை ரோலர் ஓட்டுகிறோம் என்றார். அதனால் பயனில்லை, மேல் பாதி ஏற்கெனவே இறுகிவிட்டது, இனி அது கீழ்ப்பாதிக்குக் கூரையாக நின்று பாரத்தைத் தாங்கிக்கொள்ளும். கிரேடரால் மேல் பாதியை வழித்து ஒதுக்கி, கீழே தண்ணீர் தெளித்து உருட்டி, மறுபடி பரப்பினோம். சாயங்காலம் ஆகிவிட்டது. அவர் முகம் கொடுத்துப் பேசவில்லை. மறுநாள் எடுத்த சோதனையில் 96.5 வந்தது, அடியிலும் மேலும் ஒரே மாதிரி.

சோதனை என்கிறேனே, அது ஓர் அழகான வேலை. இறுகிய தரையில் நடுவில் ஓட்டை உள்ள தட்டை வைத்து, உளியாலும் கரண்டியாலும் குழி தோண்டி, ஒரு துகள் சிந்தாமல் அத்தனை மண்ணையும் எடுத்து எடைபோட வேண்டும். குழியின் கொள்ளளவு தெரிய, அடர்த்தி முன்பே அறிந்த சலித்த மணலை ஒரு குழாய்ப் பாத்திரத்திலிருந்து அதில் விழவிடுவோம். எவ்வளவு மணல் போனதோ அதிலிருந்து குழியின் அளவு. அந்த நேரத்தில் பக்கத்தில் ரோலர் ஓடக்கூடாது. அதிர்வில் மணல் நெருங்கிக் கூடுதலாக இறங்கி, குழியைப் பெரிதாகக் காட்டி, நல்ல மண்ணைக் கெட்ட மண்ணாக்கிவிடும். குழியை அடுக்கின் அடி வரை தோண்ட வேண்டும் என்பதும் முக்கியம். மேலே நாலு அங்குலத்தோடு நிறுத்தினால் எந்தக் கரையும் தேறிவிடும்.

என்னோடு வேலை செய்யும் ரோலர் ஓட்டுநர் ஜார்க்கண்டுக்காரர். அவர் கருவி எதுவும் பார்க்க மாட்டார். மண் தளர்வாக இருக்கும்வரை அதிர்வு கீழே போய்விடுகிறது, இறுகிவிட்டால் இருக்கைக்குத் திரும்பி வருகிறது என்பார். அவர் "ஆகிவிட்டது" என்று சொன்ன இடத்தில் என் சோதனை அநேகமாகத் தேறும். இப்போது வரும் சில ரோலர்களில் உருளையில் உணர்கருவி பொருத்தி, அதே திரும்பிவரும் அதிர்வை அளந்து திரையில் வரைபடமாகக் காட்டுகிறார்கள். நல்ல கருவி. ஆனால் அவருடைய முதுகுக்கும் அந்த மதிப்பு உண்டு என்று கூட்டத்தில் சொன்னேன், ஒருவரும் மறுக்கவில்லை. இறுகிய பிறகும் அதிரவிட்டால் மேல்மண் மறுபடி தளரும், கல் நொறுங்கும் என்பதும் அவருக்கு யாரும் சொல்லித்தராமல் தெரிந்தது.

மண் வகைகளைப் பற்றிக் கொஞ்சம். எங்கள் வட்டாரத்தில் சரள் ராசா. பெரிய கல், சின்னக் கல், மணல், கொஞ்சம் ஒட்டும் களி எல்லாம் கலந்திருப்பதால் பெரியதன் இடுக்கில் சிறியது போய் உட்கார்ந்துவிடும். தேரி, அதாவது செம்மணல் மேட்டு மண், நேரெதிர். குதிரைமொழித் தேரியில் நடந்தவர்களுக்குத் தெரியும், கால் புதையும். காற்று சலித்துக் கொண்டுவந்து குவித்த மணல், எல்லாத் துகளும் ஏறக்குறைய ஒரே அளவு. இடுக்கை அடைக்கச் சிறியது இல்லாததால் எவ்வளவு அதிர வைத்தாலும் ஓரளவுக்கு மேல் நெருங்காது. அதை நாலு பக்கமும் சுவர் வைத்து அடைத்தால்தான் பாரம் தாங்கும்.

கரிசலைப் பற்றிப் பேசினால் இந்தப் பதிவு முடியாது. கோடையில் கை நுழையும் வெடிப்பு, ஐப்பசியில் அத்தனையும் மூடிக்கொண்டு உப்பும். பருத்திக்கு அது தெய்வம், சாலைக்கு அல்ல. அதைக் காய்ந்த நிலையில் ஓங்கி இறுக்கினால் கெட்டியாகத்தான் தெரியும். மழையில் தண்ணீரை உறிஞ்சிக்கொண்டு இன்னும் அதிகமாக உப்பித் தாரைத் தூக்கும். அதனால் கரிசலை உகந்த ஈரத்துக்குச் சற்று மேலேயே வைத்து இறுக்குவதும், கரையின் மேற்பகுதியில் அதைச் சேர்க்காமலிருப்பதும் வழக்கம். சுண்ணாம்பு கலந்து குணத்தை மாற்றலாம். உப்பாத, ஆனால் ஒட்டும் தன்மையுள்ள மண்ணை நடுவில் ஓர் அடுக்காகப் போட்டு உப்பலை அடக்கும் முறையை மும்பை ஐ.ஐ.டி. பேராசிரியர் கட்டி ஆராய்ந்து கொடுத்திருக்கிறார். செம்மண் நாட்டில் பிறந்த நான் கரிசலில் வேலைக்கு வந்த பிறகுதான் மண்ணுக்கு இவ்வளவு கோபம் உண்டு என்று தெரிந்துகொண்டேன்.

இப்போது சித்தப்பா வீடு. சாத்தான்குளம் பக்கம். பேஸ்மட்டம் சாலையிலிருந்து மூன்று அடி. உள்ளே நிரப்ப, குளத்துக் கரம்பை (குளத்தடி வண்டல்) மலிவாகக் கிடைக்கிறது என்று ஒருவர் சொல்லியிருக்கிறார். கரம்பை வாழைக்கும் தென்னைக்கும் போடுவது சித்தப்பா, அது உப்பிச் சுருங்கும், தளத்துக்கு அடியில் போட்டால் வீட்டுக்குள்ளேயே கரிசலைக் கொண்டுவந்த மாதிரி என்றேன். சரளும் கிரஷர் தூசியும் (கல் உடைக்கும் ஆலையில் விழும் தூள்) என்று முடிவானது. பிறகு கொத்தனார் அண்ணாச்சியோடு பேச்சு. அவர் நேர்மையான மனிதர், சுவர் தூக்குவதில் கைதேர்ந்தவர்.

"மண்ணை அடித்து, தண்ணீர் கட்டி ஒரு வாரம் விட்டால் தானாக அமர்ந்துவிடும் அம்மா. எத்தனையோ வீடு இப்படித்தான் கட்டியிருக்கிறேன்" என்றார்.

"அந்த வீடுகளில் சுவரோரம் டைல்ஸ் இறங்கியிருக்கிறதா அண்ணாச்சி?" என்று கேட்டேன்.

கொஞ்சம் யோசித்துவிட்டு, "சிலதில் மூலையில் தட்டினால் டப்பு டப்பு என்று கேட்கும்" என்றார்.

அதுதான் விஷயம். தண்ணீர் கட்டுவது சுத்த மணலுக்கு ஓரளவு உதவும். தண்ணீர் கீழே வடியும்போது துகள்களை இழுத்துக்கொண்டு போகும். அதற்கும் கீழே வடிய வழி இருக்க வேண்டும். களி கலந்த மண்ணில் தண்ணீர் வடியாமல் நிற்கும். கட்டிகள் ஊறிக் குழையும், மேல்மட்டம் நாலு விரல் தாழும், அதைப் பார்த்து அமர்ந்துவிட்டது என்று திருப்திப்படுவோம். பிறகு தளம் போட்டு மூடிவிடுவோம். உள்ளே ஆண்டு முழுக்க அது மெல்லக் காய்ந்து சுருங்கும், தளத்துக்கும் மண்ணுக்கும் நடுவே இடைவெளி விழும். அந்த 'டப்பு' அந்த இடைவெளியின் ஓசை.

ஒரு கணக்கு சொன்னேன். 95 சதவீதம் இறுக வேண்டிய மண்ணை 85இல் விட்டுவிட்டால், மூன்று அடி உயரத்துக்குள் ஒன்பது சென்டிமீட்டருக்கும் மேல் தாழ்வதற்கு இடம் ஒளிந்திருக்கிறது. எல்லாமே தாழாது. பத்தில் மூன்று பங்கு தாழ்ந்தாலும் ஓர் அங்குலம். டைல்ஸுக்கு அது தாங்காது.

மூலையில் ஏன் முதலில் தெரிகிறது என்றால், தூணுக்கும் சுவருக்கும் தோண்டிய குழி அங்கேதான் இருக்கிறது. நடு அறையில் மூன்று அடிதான் நிரப்பு. சுவரோரம் கடைக்கால் குழியும் சேர்ந்து எட்டு அடி. அந்தக் குழியை மூடும் வேலையை யாரும் வேலையாகவே மதிப்பதில்லை. தோண்டிப் போட்ட கட்டிகள், உடைந்த செங்கல், சிமெண்ட் சாக்கு எல்லாவற்றையும் மண்வெட்டியால் தள்ளிவிட்டு அடுத்த வேலைக்குப் போய்விடுவார்கள். அங்கே ரோலர் போகாது. அரை அடிக்கு ஓர் அடுக்காகப் போட்டு, பழைய திமிசுக்கட்டையால் இரண்டு பேர் மாற்றி மாற்றிக் குத்தினால்கூடப் போதும். சித்தப்பா வீட்டில் அப்படித்தான் செய்தோம். அண்ணாச்சி தானே ஒரு கட்டையை எடுத்துக் குத்திப் பார்த்தார். முதலில் 'பொத்' என்று விழுந்தது, இறுகியபின் 'டிண்' என்று கை எகிறியது. "இது பழைய காலத்துக் களத்துத் தரைக்குச் செய்வது" என்றார். பிறகு யாரையும் அவசரப்படுத்தவில்லை.

நடுப்பகுதிக்குத் தட்டு வைத்து அதிர வைக்கும் சிறிய இயந்திரத்தை நாள் வாடகைக்கு எடுத்தோம். கட்டுமானச் சாமான் வாடகைக் கடைகளில் கிடைக்கிறது. ரோலருக்கு 20 சென்டிமீட்டர் என்றால் இதற்கு 10, அதிகம் போனால் 15. சுவரில் 15 சென்டிமீட்டருக்கு ஒன்றாகக் கரிக்கோடு போட்டுவிட்டேன், அந்தக் கோடு தெரியாமல் மண் போனால் எடுத்துவிட வேண்டும் என்று. பரப்பி, தண்ணீர் தெளித்து, கைப்பிடி பார்த்து, குறுக்கும் நெடுக்குமாக ஓட்டி, அடுத்த அடுக்கு. மூன்று அடி நிரம்ப நாலு நாள் ஆனது. ஒரே நாளில் முடிய வேண்டியது என்று பக்கத்து வீட்டு மாமா சொல்லிக்கொண்டே இருந்தார். என் பழைய உருளைக் குத்தியைக் கொண்டுபோய் (பத்து சென்டிமீட்டர் விட்டம், பதின்மூன்று உயரம், கொள்ளளவு ஏறத்தாழ ஒரு லிட்டர்) தூசி அடுக்கில் இறக்கி எடைபோட்டேன். 95க்கு மேலேயே வந்தது. கூலிக்கு வந்த பையன் தராசையே பார்த்துக்கொண்டிருந்தான், அடுத்த எடையை அவனையே போடச் சொன்னேன்.

பாலத்துக்குப் பின்னால் நடப்பதும் இதே கதைதான், பெரிய அளவில். பாலத்தின் முனையைத் தாங்கும் கரைத்தூணுக்கும், அதன் பக்கத்தில் மண்ணைத் தடுத்து நிற்கும் இறக்கைச் சுவருக்கும் நடுவில் உள்ள மூலையில் பெரிய ரோலர் நெருங்க முடியாது, நெருங்கினால் சுவரையே தள்ளிவிடும். அங்கே சிறிய இயந்திரம், மெல்லிய அடுக்கு, நல்ல சரள், தண்ணீர் வடியச் சுவரை ஒட்டி ஜல்லி வடிகட்டி எல்லாம் வேண்டும். அது பொறுமையான வேலை, ஆனால் பாலம் முடிந்து தேதி நெருக்கும்போதுதான் அந்த மூலை நிரப்பப்படும். கடைசியில் மிஞ்சும் நாள்களில் மிஞ்சும் ஆட்களை வைத்து மிஞ்சிய மண்ணைத் தள்ளுகிறார்கள். சில பாலங்களில் கரையின் அடியில் இருக்கும் இயற்கைக் களிமண்ணே கரையின் எடைக்கு மெல்ல அமுங்குவதும் உண்டு, அதை மேலே ரோலர் ஓட்டித் தீர்க்க முடியாது. ஆனால் மூலை நிரப்பு நம் கையில் இருப்பது. ஒப்பந்தத்தில் அதற்கென்று தனி நாள்களும் தனி விலையும் போட வேண்டும் என்பது என் உறுதியான கருத்து. ஊருக்குள் குழாய் பதித்துவிட்டுத் தெருவில் மூடும் பள்ளங்களுக்கும் இதையே சொல்வேன். முதல் பெருமழையில் அந்தப் பள்ளத்தின் வடிவத்திலேயே தார் உள்வாங்கி, அதில் இரு சக்கர வண்டிக்காரர்கள் விழுவதைப் பார்க்கும்போது ஆத்திரம் வருகிறது. வெட்டியவர்களுக்கு இறுக்கும் இயந்திரம் ஒன்று கொடுத்து அனுப்ப முடியாதா?

கடைசியாக, ஏற்கெனவே தரை இறங்கிவிட்ட வீட்டுக்காரர்களுக்கு. மேலே புது டைல்ஸ் ஒட்டுவதற்கு முன் தண்ணீர் எங்கிருந்து உள்ளே போகிறது என்று பாருங்கள். உடைந்த கழிவுக் குழாய், சுவரோரம் தேங்கும் மழைநீர், வெளிப்பக்கத் தரையின் சரிவு வீட்டை நோக்கி இருப்பது, இவற்றில் ஒன்று அநேகமாக இருக்கும். அதை அடைத்த பின், இறங்கிய பகுதியின் தளத்தை உடைத்து எடுங்கள். பத்து அல்லது பன்னிரண்டு மில்லிமீட்டர் கம்பியைக் கையால் அழுத்திப் பாருங்கள். சுலபமாக இறங்கும் ஆழம் வரை பழைய மண்ணை வெளியே எடுத்துவிட வேண்டும், அதன் மேலேயே புது மண் போடக்கூடாது. பிறகு கிரஷர் தூசியை ஈரப்படுத்தி, பத்து சென்டிமீட்டர் அடுக்குகளாக. அறைக்குள் பெட்ரோல், டீசலில் ஓடும் தட்டு இயந்திரத்தை ஓட்டாதீர்கள், கதவு ஜன்னலைத் திறந்து வைத்தாலும் அதன் புகை உயிருக்கு ஆபத்து; அங்கே திமிசுக்கட்டையால் குத்துங்கள். பழைய மண்சுவர் வீடாக இருந்தால் இயந்திரத்தின் அதிர்வில் சுவரும் விரிசல் விடும். சுவரில் கோடு போட மறக்காதீர்கள்.